தொரைக்கு ஊசி

இல்ல சேர், பின்னால வராதீங்க. முன்னுக்கு வந்து நில்லுங்க, அவன் கண்ணுல படணும். பின்னால ஆள் வந்தா இவனுக்குப் புடிக்காது, என்னய மாதிரி. ஆ, அப்பிடித்தான். இருங்க, வாயக் கயித்தால கட்டிர்றேன். விசர்நாய் ஊசி அட்டையில நாயோட பேரும் எழுதணுமா? தொர. ஆமா சேர், தொர. தயங்காம எழுதுங்க.

சிரிக்கிறீங்க. எல்லாருந்தான் சிரிப்பாங்க. தோட்டத்துக் கணக்கப்புள்ள மட்டும் சிரிக்கல. பேர மாத்துடா விஜேந்திரான்னு ரெண்டு தடவ ஆளனுப்பினாரு. மாத்துவேனா நான்? பதினாறு வருசமா முதுகுல டாங்கிய மாட்டிக்கிட்டுத் தேயிலக்குள்ள புல்லுக்கு மருந்தடிக்கிறேன். தோட்டத்த நடத்துற பெரிய தொரயோட ஜீப்பு வந்தா பாதையோரம் ஒதுங்கி நிக்கணும். நிப்பேன். நின்னுக்கிட்டே, டேய் தொர, இங்க வாடா எச்சிக்கல நாயேன்னு சத்தமாக் கூப்பிடுவேன். இவன் வால ஆட்டிக்கிட்டு ஓடியாந்து என் காலடியில படுப்பான். ஜீப்புல இருக்கவரு கண்ணாடிய ஏத்திக்கிட்டுப் போயிருவாரு. அந்தச் சொகம் இருக்கே சேர், சாராயத்துல கெடயாது.

சும்மா பேருக்கு மட்டும் தொர இல்ல. காட்டுப்பன்னி மரக்கறித் தோட்டத்துல எறங்கிருச்சுன்னா எட்டு லயத்து ஆளும் இவனத் தேடித்தான் வரணும். என்னய மதிக்காதவன் கூட அன்னைக்கு விஜேந்திரன் அண்ணேம்பான்.

வீட்ல பொம்பளயா? யாரும் இல்ல சேர். அந்த அட்டையில நானே ஒப்பம் வச்சுர்றேன். சம்சாரம் செத்துப்போச்சு. வாற ஆடியோட வருசம் ஒண்ணு. சுதர்ஷினின்னு பேரு, வெலிமடப் பக்கத்து ஆளுங்க. அவ அண்ணன் சுரேஸ்னு ஒருத்தன், லுணுகல டவுன்ல கடைக்குக் கடை நின்னு, எந்தங்கச்சிய விஜேந்திரன்தான் கொன்னான்னு சொல்லிக்கிட்டுத் திரியிறான். பொலிசுக்குப் போவேங்கறான். போகட்டும். நானா சேர் கடிச்சேன்? கடிச்சது உண்ணி. நீங்க இந்தத் தொழில்ல இருக்கவரு, நாயப்பத்தி உண்ணியப்பத்தி நாலும் தெரிஞ்சவரு. நீங்களே சொல்லுங்க, உண்ணி கடிச்சா அதுக்குப் புருசன் என்ன பண்ணுவான்?

இப்ப இவன் மேல ஒண்ணு கெடயாது. காத வேணுமின்னா மடிச்சுப் பாருங்க. வெரலு இடுக்கையும் பாருங்க, அங்கனதான் குடும்பமாக் குடியிருக்கும். போன வருசம் வந்திருந்தீங்கன்னா கொத்துக் கொத்தா அள்ளியிருக்கலாம். அதோட பொழப்பு எனக்கு அத்துப்படி சேர். பொட்டச்சி ரத்தத்தக் குடிச்சு ஆமணக்கு முத்தாட்டம் ஊதினா நாய விட்டு எறங்கிரும். எறங்கித் தரையில கெடக்கும்னு நெனைக்காதீங்க, செவுத்துல ஏறும். சுண்ணாம்பு பேந்த வெடிப்பு, தகரத்துக்கும் மரத்துக்கும் நடு, சாமிப் படத்துக்குப் பின்னால, எங்க சந்து இருக்கோ அங்க. ரெண்டாயிரம் மூவாயிரம்னு முட்டயப் போட்டுட்டு அங்கயே செத்துரும். பொரிச்சு வாற குஞ்சுக்கு ஆறே காலு. கடுகு அதவிடப் பெருசு. ஒருக்கா ரத்தம் குடிச்சு எறங்கித் தோல உரிச்சா எட்டுக் காலாயிரும். இன்னொருக்கா குடிச்சு எறங்கினா முழு ஆளு. நாய் கெடைக்கலயா, மாசக்கணக்குல பட்டினி கெடக்கும். சாகாது. லயத்து ஆளு மாதிரிதான்.

எங்க லயத்துல வரிசையாப் பத்துக் காம்பரா, பத்துக் குடும்பம், கூரை ஒண்ணு. எங்க காம்பராவுல பொரிச்சது தகரத்து வழியாப் போயி மாடசாமி காம்பராவுல எறங்கிருச்சு. அவன் வந்து புள்ளைக்கெல்லாம் கடிக்குதுடான்னு கத்துறான். புள்ளயளக் குளிப்பாட்டி வையின்னுட்டேன். ஆமா சேர், நாய்க்கு மருந்து போட்டாப் பத்தாது, செவுத்துக்கும் போடணும், அது எனக்கும் தெரியும். மருந்தடிக்கிறவன் நான், எனக்குத் தெரியாதா? மாடசாமி கத்துறதக் கேக்க நல்லாருந்துச்சு, விட்டுட்டேன்.

ஞாயித்துக்கெழமையில உண்ணி புடுங்குறது சுதர்ஷினி வேல. கல்யாணம் முடிச்சு வந்த மொத வாரமே குடுத்துட்டேன். அருவருப்பா இருக்குன்னா. குச்சியால எடுத்து மண்ணெண்ணெய்ல போடுறேன்னா. பெரிய தொரசாணி! கையால புடுங்கு, நகத்துல வச்சு நசுக்கு, எனக்குச் சத்தம் கேக்கணும்னேன். பட்டுன்னு ஒரு சத்தம் வரும் சேர், ரத்தம் தெறிக்கும். அவ மூஞ்சி போற கோலத்தப் பாக்கணுமே! நான் வாசல்ல குந்தித் தேத்தண்ணியக் குடிச்சுக்கிட்டுப் பாத்துக்கிட்டே இருப்பேன். அழுதுக்கிட்டேதான் நசுக்குவா. நசுக்கக் கூடாதாமே, அந்த ரத்தம் கையில உள்ள வெடிப்புல பட்டாலே போதுமாமே. கொழுந்து கிள்ளுற கையில வெடிப்பில்லாம இருக்குமா? அதெல்லாம் பெறகுதான் தெரிஞ்சுச்சு. தெரிஞ்சிருந்தா நசுக்கச் சொல்லியிருக்க மாட்டீங்கல்லன்னா கேக்குறீங்க? என்னமோ சேர், எனக்குச் சொல்லத் தெரியல.

இதுல ஒரு கூத்து கேளுங்க. ஒருநாளு அவ காதுக்குப் பின்னால ஒண்ணு ஒட்டிக்கிச்சு. தோட்டத்து டிஸ்பென்சரிக்குப் போயி, ஐயா உண்ணி வந்துருச்சுன்னு காட்டியிருக்கா. அங்க மருந்து குடுக்கிறவரு தூரத்துல இருந்தே பாத்துட்டு, பாலுண்ணியா, சுண்ணாம்ப வையி, தானா உதுந்துரும்னு அனுப்பிட்டாரு. நம்ம தமிழப் பாருங்க, மருவுக்கும் உண்ணி, ரத்தங் குடிக்கிற பூச்சிக்கும் உண்ணி! அவளும் நம்பிட்டா. வெத்தலச் சுண்ணாம்ப அள்ளி அள்ளி அப்பிக்கிட்டு, பாருங்க கொஞ்சம் உதுந்துருச்சான்னு என்னயக் கேக்குறா. நான் பாத்தேன். காலு ஆடுது. மொத நாளே எனக்குத் தெரியும் அது பூச்சின்னு. ம்ம், இன்னும் ரெண்டு நாளு வையின்னுட்டேன். மூணாம் நாளு மருவு எறங்கிக் கழுத்துல நடக்குது! அவ போட்ட கத்துல லயமே ஓடியாந்துருச்சு. நான் சிரிச்ச சிரிப்புல எனக்கு வயிறே புடிச்சுக்கிச்சு.

நீங்க சிரிக்கலயே. சரி விடுங்க.

ஒரு வாரங் கழிச்சுக் காய்ச்சல். தல வெடிக்குதுங்கறா, மூட்டு மூட்டா வலிக்குதுங்கறா. காலயில பெரட்டுல போயி பேரு போடலன்னா அன்னைக்குச் சம்பளம் போயிரும், எழும்பிப் போன்னு தள்ளிவிட்டேன். ரெண்டு நாளு கொழுந்துக்குப் போனா. மூணாம் நாளு மலையிலயே விழுந்துட்டா. உள்ளங்கை உள்ளங்காலெல்லாம் சிவப்புப் பொட்டு. காதுக்குப் பின்னால அந்தக் கடிச்ச எடம், பீடியால சுட்ட மாதிரிக் கருப்புப் பொருக்கு. அடுத்த காம்பரா விஜயலெட்சுமி அக்காதான் பதுள ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கிட்டுப் போச்சு. அங்க ஒரு லேடி டொக்டர், யாழ்ப்பாணத்து ஆளு. அந்தப் பொருக்கப் பாத்ததும் வீட்ல நாய் இருக்கான்னு கேட்டிருக்கு. கெட்டிக்காரி சேர். உண்ணிக் காய்ச்சல், சீக்கிரம் மருந்துக் குளுச போட்டா கேக்கும், பிந்தினா ஆபத்து, வார்ட்டுல நில்லுன்னு சொல்லியிருக்கு.

நான்தான் போன் அடிச்சு வரச் சொன்னேன். அந்தியாகிறதுக்குள்ள வீட்டுல இருக்கணும்னேன். சொந்தப் பொறுப்புல போறேன்னு அவளே ஒப்பம் வச்சுட்டு, டொக்டர் குடுத்த குளுசயத் தூக்கிக்கிட்டு பஸ் ஏறி வந்துட்டா.

ஏன்னா கேக்குறீங்க? இவனுக்குந்தான் சேர் அதே நேரம். இவனுக்கும் உண்ணிக் காய்ச்சல்தான். மூக்கால ரத்தம் வருது, பல்லு முரசு வெள்ளத் துணியாட்டம் வெளுத்துருச்சு, சாக்குல படுத்தவன் எழும்பல. சுதர்ஷினி கையால வச்சாத்தான் இவன் திம்பான். சோறு போடுற கை அவ கைதான. நான் வச்சா மோந்து பாத்துட்டுத் திரும்பிக்குவான். அவ இல்லாம இவன் செத்துருவானேன்னு எனக்குக் கையும் ஓடல காலும் ஓடல. சத்தியமாச் சொல்றேன் சேர், எங்கப்பா செத்தப்ப கூட நான் அப்பிடி அழுவல.

மிருக டொக்டர் சீட்டு எழுதிக் குடுத்தாரு. லுணுகல மருந்துக் கடையில அது முடிஞ்சு போச்சுன்னுட்டாங்க. வெறுங்கையோட வந்து ஒக்காந்திருக்கேன், இவ வந்து எறங்குறா. கையில ஆஸ்பத்திரிக் குளுசப் பக்கெட். இங்கிலீசு எழுத்து எனக்கு ஒண்ணொண்ணாக் கூட்டத் தெரியும், மருந்து டின்னப் பாத்துப் பழகினது. சீட்டயும் பக்கெட்டயும் கிட்டக் கிட்ட வச்சுப் பாத்தேன். ஒரே எழுத்து சேர். நாய்க்கும் மனுசருக்கும் ஒரே குளுச! காலயில ஒண்ணு, அந்திக்கு ஒண்ணு, ஏழு நாளைக்கு. ஒங்களுக்குத் தெரியுமா இது? ஆ, தெரியுமா.

அவளுக்கா? வீட்ல சாதாரணக் காய்ச்சலுக்குப் போடுற பெனடோல் இருந்துச்சு, குடுத்தேன்.

அவளுக்குத் தெரியும் சேர். தெரியாம என்ன, பத்தாம் வகுப்பு வரைக்கும் படிச்சவ. இது எனக்குத் தந்ததுல்லன்னு ஒரே ஒருக்கா கேட்டா. ஒனக்கு ஒங்கண்ணன் இருக்கான், ஆஸ்பத்திரி இருக்கு, இவனுக்கு யாருடி இருக்கான்னேன். பாயில படுத்துக்கிட்டே சோத்த உருட்டி, உள்ளுக்குக் குளுசய வச்சு நீட்டுவா. கையி அடுப்பாட்டம் கொதிக்கும். இவன் அந்தக் கைய நக்கி நக்கித் திம்பான். அஞ்சு நாளு அப்பிடிக் குடுத்தா. அஞ்சாம் நாளு இவன் எழும்பி வாசல் வரைக்கும் நடந்துட்டான். நான் சந்தோசத்துல கத்துறேன், அடியே தொர நடக்குறாண்டின்னு. அவ திரும்பிப் பாக்கல.

அவ போனதுக்குப் பெறகு மிச்சம் நாலு குளுச இருந்துச்சு. அத நான் உருட்டிக் குடுத்துப் பாத்தேன். துப்பிட்டான்.

என்ன சேர், ஊசியத் திரும்பப் பெட்டிக்குள்ள வைக்கிறீங்க? இவனுக்கு இன்னும் போடலயே.