நூறு தரம் செத்தவர்

ஜேர்மனியின் கெல்சென்கிர்ச்சன் நகர ட்ராமில் எனக்கு முன்னால், முதியோர் இல்லச் சீருடையோடு இருந்த பெண் பக்கத்திலிருந்தவளிடம் சொன்னாள்: "அந்த மனுசன் நூறு தரம் வெடிபட்டுச் செத்தவர், அக்கா."

"எந்தச் சண்டையிலயடி?"

"படத்தில. எங்கட இல்லத்தில இருக்கிற பழைய ஜேர்மன் நடிகர். கௌபாய் படங்களில துவக்குச் சூடு பட்டு, குதிரையால விழுந்து சாகிறதுதான் அவற்ர வேலை. இப்பவும் நான் சாப்பாடு கொண்டுபோனா, நெஞ்சைப் பிடிச்சுக்கொண்டு கட்டிலில விழுவார். கைதட்டினாத்தான் எழும்பிச் சாப்பிடுவார்."

"நல்ல மனுசன்போல."

"நேற்று நிலத்தில விழுந்தவர். நான் கைதட்டிக்கொண்டு நிண்டனான்."

மற்றவள் அவள் கையைப் பிடித்தாள். "பிறகு?"

"எழும்பேல்லை. ஆஸ்பத்திரியில கண் முழிச்சவுடன நேர்ஸிட்டச் சொன்னவராம், அந்தப் பிள்ளை கைதட்டினது தனக்குக் கேட்டதெண்டு."