கண்முழி மாதம்

எனக்குக் கதைப் புத்தகம் படிக்கும் பழக்கம் கிடையாது. ஐம்பத்திரண்டு வயதில் முழுசாகப் படித்தது ஒன்றே ஒன்றுதான். அதுவும் அளவு எடுப்பதற்காகத்தான் என் கைக்கு வந்தது.

பெயர் ராசு. மூங்கில்துறைப்பட்டு ரோட்டில் இரும்புப் பட்டறை. இதெல்லாம் ஏற்கெனவே எழுதிக்கொண்டீர்கள். ஆனாலும் வரிசையாகச் சொல்லிவிட்டால் உங்களுக்கும் வசதி, எனக்கும் வசதி.

போன தை மாதம் இளஞ்செழியன் சார் பட்டறைக்கு வந்தார். என் மகள் தனுஷா படித்த பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார். அவர் எழுதிய நாவலுக்குப் பரிசு கிடைத்து, கள்ளக்குறிச்சியில் ஒரு மண்டபத்தில் விழா வைத்திருந்தார்கள். கதையில் உலோக வேலையே பிழைப்பாக உள்ள ஒரு ஜனம் வருகிறது. மலையை மூடிய புகையில் அவர்களுக்குச் சூரியன் தெரியாது. அதனால் இரும்பை வைத்தே நாள் கணக்கு. அந்தக் காலண்டரை ஒரு சக்கரமாகச் செய்து மேடையில் தொங்கவிட வேண்டும் என்றார்.

"ஆளுயரத்துக்கு இருக்கணும்ணே. நான் கையால சுத்தி வுடுவேன். படம் புக்குலயே கீது, பாத்துக்கங்க." கிளம்பும்போது என் தோளைத் தொட்டார். "பழச மனசுல வச்சிக்காதீங்க. சின்னப் பொண்ணு, தெரியாம பேசிடிச்சி."

பழசு இதுதான். அந்த நாவல் வெளிவந்தபோது தனுஷா பன்னிரண்டாவது படித்துக்கொண்டிருந்தாள். காலண்டர் தன்னுடையது, பத்தாவதில் தான் எழுதிய நோட்டைச் சார் வாங்கிப் படித்துவிட்டுத் தந்தார் என்று வகுப்பில் சொல்லியிருக்கிறாள். தலைமையாசிரியர் என்னைக் கூப்பிட்டார். "உன் நோட்டு எங்கம்மா?" என்று சார் எல்லார் முன்னாலும் அமைதியாகக் கேட்டார். அவளிடம் இல்லை. நான் அவளை ஒரு அறை அறைந்து, மன்னிப்புக் கேட்க வைத்தேன். பள்ளிக்கூடத்தைப் பகைத்துக்கொள்ள முடியுமா? அடுத்த வாரம் என் மனைவி அவளைக் கூட்டிக்கொண்டு வெள்ளிமலையில் தன் தங்கை வீட்டுக்குப் போய்விட்டாள். இருவரும் திரும்பி வரவில்லை.

அப்போது நான் அந்தப் புத்தகத்தைப் பார்த்ததுகூட இல்லை. சார் கொடுத்துவிட்டுப் போன பிறகு, மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் படித்தேன். வருஷத்துக்கு ஒன்பது மாதம், மாதத்துக்கு நாற்பது நாள். முதலில் கரி மாதம், அடுத்து ஊது மாதம். மூன்றாவதன் பெயர் கண்முழி மாதம். அங்கே நிறுத்திவிட்டேன். உலையில் இரும்பு சிவக்கத் தொடங்கும்போது 'கண் முழிக்குது' என்று சொல்வது நான்தான். வேறு எந்தப் பட்டறையிலும் நான் அதைக் கேட்டதில்லை. கரி நமத்துப்போய் அதிகம் ஊத வேண்டியிருக்கும் மழைக்காலத்தில் ஊது மாதம் வருவது, கடைசியாக மிஞ்சும் ஐந்து நாளில் யாரும் சுத்தியலைத் தொடாமல் இரும்பை ஆறவிடுவது, எல்லாமே என் பட்டறை. சார் ஒரு நாளும் என் உலை அருகில் நின்றதில்லை. பள்ளிக்கூடம் விட்டதும் அங்கே உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதியவள் தனுஷா.

திருட்டு என்று தெரிந்துவிட்டது. போலீசில் சொல்லியிருக்கலாமே என்கிறீர்கள். சொல்லியிருக்கலாம். எனக்குத் தெரிந்த வேலையை நான் செய்தேன்.

சக்கரம் நன்றாகவே வந்தது. எழுபது கிலோ. தொங்கவிடும் வளையத்தை மட்டும் மேலோட்டமாகப் பற்றவைத்தேன். பெயிண்ட் அடித்துவிட்டால் யாருக்கும் தெரியாது. சும்மா தொங்கினால் நிற்கும், சுற்றினால் நிற்காது.

விழாவன்று காலையில் நானே மாட்டினேன். சாரின் மனைவி தேவிப்ரியா மோர் கொண்டுவந்து கொடுத்தார்.

"பொண்ணு எப்டிண்ணா கீது? அது அன்னிக்கி ஸ்கூல்ல அழுதிச்சின்னு கேட்டதுலேர்ந்து எனக்கு சோறு எறங்கல. நோட்டு வாங்குனது நெசமான்னு இவருகிட்ட கேட்டேன், பேச்ச மாத்திட்டாரு," என்றார். நல்ல மனுஷி. மோரில் இஞ்சி தட்டிப் போட்டிருந்தார்.

விழாவில் சார்தான் சுற்றுவதாக இருந்தது. கடைசி நேரத்தில், "நீ சுத்து தேவி, நான் போட்டோவுக்கு நிக்கிறேன்," என்று நகர்ந்துகொண்டார். அது என் கணக்கில் இல்லாதது. இதை நீங்கள் அப்படியே எழுத வேண்டும்.

முதல் சுற்றில் ஒரு சத்தம் வந்தது. இரும்பு விட்டுக்கொடுக்கிற சத்தம். அந்த மண்டபத்தில் எனக்கு மட்டும்தான் அது புரியும். நான் பத்தடி தள்ளி நின்றிருந்தேன். 'நகருங்க' என்று ஒரு வார்த்தை சொல்ல நேரம் இருந்தது. வாயைத் திறக்கவும் செய்தேன். அப்போது சார் காமிராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். இவருக்குக் கால் போனால் கட்டிலில் படுத்துக்கொண்டு இன்னொரு புத்தகம் எழுதுவார். இந்த அம்மா போனால் வீடு காலியாகும், என் வீடு மாதிரி. வாயை மூடிக்கொண்டேன். இரண்டாவது சுற்று முடியவில்லை.

ஆமாம், தேவிப்ரியாவைக் கொன்றது நான்தான். தவறி நடந்தது என்று வக்கீல் எழுதச் சொல்கிறார். வேண்டாம்.

நோட்டு எங்கே என்று நேற்றும் கேட்டீர்கள். பத்தாவது அரையாண்டுப் பரீட்சையில் தனுஷாவுக்கு மார்க் குறைந்தது. பாடத்தை விட்டுவிட்டு, இல்லாத ஊருக்குக் காலண்டர் போடுவதாகச் சொல்லி ஒரு நோட்டில் எழுதிக்கொண்டிருந்தாள். பிரித்துப் பார்க்காமல், அவள் எதிரிலேயே உலையில் போட்டேன். எந்தத் தகப்பனும் செய்வதுதான்.

இன்று காலை நீங்கள் அனுமதி கொடுத்து அவள் வந்தாள். உட்காரவில்லை.

"அவரு திருடுனாரு. நீ எரிச்ச," என்றாள். "எனக்கு மோசம் பண்ணது ரெண்டு பேரு. அந்த அக்கா இன்னா பண்ணாங்க?"

கேட்ட வேகத்தில் போய்விட்டாள். சின்னப் பெண்தானே. அவளுக்காக இவ்வளவும் செய்த ஒரே ஆள் நான்தான் என்பது கோபம் ஆறினால் புரிந்துவிடும்.