மாப்பிள்ளை வாத்தியார்தான், ஸ்கூல்தான் பாக்கி

— வேலை இல்லைன்னு யார் சொன்னா சௌத்ரி ஜி? என் பையன் நித்தியானந்த் கவர்மெண்டு வாத்தியாராக்கும்!

— சரிதான் மிஸ்ரா ஜி. எந்த ஸ்கூல்ல?

— ஸ்கூல் மட்டும்தான் பாக்கி. பரீட்சை எழுதி, பாஸாகி, லிஸ்ட்டுல பேரு வந்தாச்சு. அன்னிக்கு தர்பங்கா பூரா லட்டு குடுத்தேன்.

— என்னிக்கு?

— அவனுக்குத் தலை நிறைய முடி இருந்தப்ப.

— சரிதான். இப்ப மகானாப் பொரித் தட்டை நீட்டிட்டுப் போனாரே, அவரை நான் உங்க தம்பியோன்னு நினைச்சேன்.

— பொண்ணைப் பெத்தவர் இவ்வளவு கிண்டல் பண்ணி நான் பார்த்ததில்ல. எல்லாம் ஒருத்தி பண்ணின வேலைங்க. யாரோ மதுபனி ஜில்லாப் பொண்ணாம். ஒரு மார்க்குல லிஸ்ட்டுல ஏறல. ஒரு கேள்வி தப்புன்னு ஹைகோர்ட்டுக்குப் போயிட்டா. மொத்த நியமனத்துக்கும் தடை!

— என்ன கேள்வி?

— கமலா நதி எந்த ஜில்லாவுல பொறக்குதுன்னு.

— அது நேபாளத்துல இல்ல பொறக்குது?

— குடுத்த நாலு விடையும் பீகார் ஜில்லாங்க. கேள்வி எடுத்த மகான், நதியையே தூக்கி நம்ம பக்கம் வெச்சுட்டான்.

— கமலா வருஷம் தவறாம எங்க அடுப்படி வரைக்கும் வந்துட்டுப் போகுது. அது எங்கேர்ந்து வருதுன்னு சொல்ல கோர்ட்டுக்கு இத்தனை வருஷமா?

— சொல்ல நேரம் வேணாமா? ஒரு ஜட்ஜ் பாதி கேட்டார், மாத்திட்டாங்க. அடுத்தவர் முதல்லேர்ந்து கேட்டார், ரிட்டயர் ஆயிட்டார். அப்புறம் சத் பூஜை லீவு, கோடை லீவு, வக்கீல் ஸ்ட்ரைக். எங்க வக்கீலோட பையன் அப்ப பம்பரம் விட்டுட்டிருந்தான். இப்ப அவன்தான் கறுப்புக் கோட்டு மாட்டிக்கிட்டு வாய்தா கேக்குறான்.

— சரிதான். நல்ல முன்னேற்றம்.

— வயிறு எரியுதுங்க. என் பையன் வாழ்க்கைய முடக்கினவ வெளங்குவாளா?

— வெளங்கலதான். டியூஷன் எடுத்துக்கிட்டு வீட்டுலதான் இருக்கா.

— உங்களுக்கு எப்படித் தெரியும்?

— என் பொண்ணு விபாதான் அவ.

— கேஸ் போட்டவ வீட்டுலேர்ந்தா மாப்பிள்ளை பாக்க வந்தீங்க? என்ன நெஞ்சழுத்தம்யா உமக்கு!

— வாய்தாவுக்கு வாய்தா ரெண்டு பேரும் கோர்ட்டு வாசல்ல ஒரே பெஞ்சுல உக்காந்து டீ குடிச்சிருக்காங்க. உள்ள வக்கீலுங்க பேசவே இல்ல, வெளிய இவங்க பேசி முடிச்சிட்டாங்க. கட்டினா நித்தியானந்தைத்தான்னு ஒத்தக் கால்ல நிக்குறா. உங்க பையன்தான் உங்ககிட்ட வாயத் தொறக்க பயந்து, தட்டை வெச்சுட்டு உள்ள ஓடிட்டார்.

— இருங்க, இருங்க... அட, இது பகவானே போட்ட முடிச்சு, சம்பந்தி!

— அதுக்குள்ள சம்பந்தியா?

— பின்னே? மருமக கேஸை வாபஸ் வாங்கட்டும். பையன் வேலையில சேர்ந்த மறுநாளே கல்யாணம். ஆனா வேலையில சேர்ந்தப்புறம்தான், துர்கா மாதா மேல சத்தியம்! வேலை இல்லாதவனுக்குக் கல்யாணம் பண்ணி வெச்சா ஊரு சிரிக்கும்.

— அப்படிச் சத்தியம் பண்ணிட்டீங்களே மிஸ்ரா ஜி.

— ஏன், வாபஸ் வாங்க மாட்டேங்குறாளா?

— அவ வாபஸ் மனு போட்டே மூணு வருஷமாச்சு. அந்த மனுவுக்குத்தான் இப்ப வாய்தா போயிட்டிருக்கு.