சாம்பல்கண்ணி தின்னும் இலை

டீ நன்றாக இருக்கிறது, ஐயா. சர்க்கரைதான் ஒரு கரண்டி தூக்கல். எங்கள் அண்ணனுக்கு இப்படித்தான் பிடிக்கும்.

நான் வனத்துறைப் பூச்சி ஆய்வுக்கூடத்தில் இருபத்தாறு வருடம் புழு வளர்த்தவள். ஓய்வு பெற்ற பிறகும் கை சும்மா இருக்கவில்லை. வீட்டுக்குப் பின்னால் இருந்த கல் அறைக்குக் கம்பிவலை அடித்து, சாம்பல்கண்ணி வளர்த்தேன். அது காட்டு அந்துப்பூச்சி. இறக்கையை விரித்தால் இரண்டு உள்ளங்கை அகலம் வரும், அதில் கண் மாதிரி நான்கு சாம்பல் வட்டம். இறக்கை முளைத்த பிறகு அதற்கு வாயே கிடையாது. புழுவாக இருக்கும்போது தின்றதை வைத்துத்தான் ஒரு வாரம் பறந்து, முட்டையிட்டுவிட்டுச் சாகும். புழுவும் லேசில் மசியாது. இலையைக் கிள்ளினால் பால் வடியும் ஒரே ஒரு மரம்தான் அதற்கு ஆகும்; நாங்கள் பால்வடியான் என்போம். வேறு எதை வைத்தாலும் தலையைத் திருப்பிக்கொள்ளும்.

எங்கள் வாசலில் அந்த மரம் ஒன்று இருந்தது. நான் நட்டது. கார் நிறுத்த இடம் வேண்டுமென்று அண்ணன் அதை வெட்டினார். நான் சந்தைக்குப் போய்த் திரும்புவதற்குள் அறுத்து, ஓர் இலை மிச்சமில்லாமல் லாரியில் ஏற்றி அனுப்பிவிட்டார். அவர் காரியம் எப்போதும் வெட்டு ஒன்று துண்டு இரண்டுதான்.

"புழுதானே, வேற எலையப் போடு. பசிச்சா திங்காமலா போயிடும்?" என்றார். சொல்லிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்.

பசி வந்தால் பத்தும் பறந்துபோகும் என்பது மனிதர்களுக்குச் சொன்னது. நாற்பத்தொரு புழு இருந்தது. பதினோரு வகை இலை பறித்து வைத்தேன். இலைமேல் நடந்து போயினவே தவிர வாய் வைக்கவில்லை. ஒன்பதாம் நாள் கடைசிப் புழுவும் சுருண்டு விழுந்தது. குறிப்பேட்டில் அதையும் எழுதி வைத்தேன், ஐயா. சின்ன வயதில் அண்ணன் சாப்பிட்டு எழுந்த பிறகுதான் அம்மா சட்டியை என் பக்கம் தள்ளுவாள். பெரும்பாலும் வழித்த சட்டி. இதை இப்போது ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. நீங்கள் எழுதிக்கொள்ள வேண்டாம்.

மறுநாள் காலையில் அண்ணனைக் கல் அறைக்குக் கூப்பிட்டேன். கதவுக் கீல் பிடிக்கிறது, கொஞ்சம் பாருங்கள் என்றேன். குனிந்தார். சுத்தியலால் வலது முழங்காலில் அடித்தேன். விழுந்ததும் இடது முழங்காலில். எலும்பு வெளியே தெரிந்ததும் நிறுத்திவிட்டேன். தலையைத் தொடவில்லை. அவர் சாகவேண்டும் என்ற எண்ணம் எனக்கு இல்லை, அதை நீங்கள் கவனிக்க வேண்டும்.

அறையில் ஒரு குடம் தண்ணீர் வைத்தேன். தினமும் காலையில் புது இலை, அதே பதினோரு வகை, கூடை கூடையாக. பட்டினி போட்டுக் கொன்றதாக நீங்கள் எழுதியிருப்பது அபாண்டம். மேசைமேல் இருக்கும் குறிப்பேட்டைப் பாருங்கள். புழுவுக்கு எழுதிய அதே பக்கத்தில்தான் அண்ணனுக்கும் எழுதியிருக்கிறேன்.

"தங்கச்சி, கதவத் தெறம்மா. காலு அழுகுது. ஒரு வாய் சாப்பாடு குடும்மா."

"எல இருக்குண்ணா. பசிச்சா திங்காமலா போயிடுவீங்க?" என்றேன். கோபமாகச் சொல்லவில்லை.

பக்கத்து வீட்டுத் தையல்காரருக்கு இரவும் பகலும் ஏழு மெஷின் ஓடும். அதனால் அண்ணன் கத்தியது யார் காதிலும் விழவில்லை. நான்காம் நாள் ஊர்ந்து வந்து, கதவின் அடியில் இருந்த வலையைக் கிழித்துக் கையை நீட்டினார். மழைக்கு அந்த வலையை மூட வைத்திருந்த இரும்புப் பலகையை மேலிருந்து இறக்கினேன். இரண்டு விரல் இந்தப் பக்கம் கிடந்தது. அன்றே வலையைத் தைத்துவிட்டேன்.

ஆறாம் நாள் அவர் இலை தின்றார். வாந்தி எடுத்தார், மறுபடியும் தின்றார். எனக்கு அது பிடிக்கவில்லை. அவர் சொன்னதே சரி என்று ஆகிவிடும் போலிருந்தது. மறுநாளிலிருந்து இலை வைப்பதை நிறுத்தினேன். தண்ணீரையும் எடுத்துவிட்டேன். பத்தாம் நாள் சத்தம் நின்றது. அதற்கு மூன்று நாள் கழித்துத் தையல்காரர் நாற்றம் தாங்காமல் உங்களைக் கூப்பிட்டார்.

ஆய்வுக்கூடத்து வாசலில் ஆறு பால்வடியான் நிற்கிறதே, பஸ்ஸில் போனால் கால் மணி நேரம்தானே, ஏன் இலை பறித்து வரவில்லை என்று கேட்டீர்கள். நிற்கிறது, ஐயா. அதில் நான்கு நான் நட்டவைதான். மரம் வெட்டிய அன்றே பையை எடுத்துக்கொண்டு பஸ் நிறுத்தம் வரைக்கும் போனேன். பஸ் வந்தது. நான் ஏறவில்லை. இலை கொண்டுவந்திருந்தால் புழு பிழைத்திருக்கும். புழு பிழைத்திருந்தால், அண்ணனை அந்த அறைக்குக் கூப்பிட எனக்கு என்ன காரணம் இருந்திருக்கும், நீங்களே சொல்லுங்கள்.