செவிமறை கேட்ட பிள்ளை

எனக்குக் கோப்பி வேண்டாம், மேடம். உறிஞ்சிக் குடிக்கிற சத்தம் எனக்கு ஆகாது, அது என் வாயிலிருந்து வந்தாலும் சரி. தண்ணீர் போதும். நீங்கள் குடியுங்கள், நான் அந்தப் பக்கம் பார்த்துக்கொள்கிறேன்.

குழந்தைகள் நல அதிகாரி கூப்பிட்டு விசாரிக்கிற அளவுக்கு நான் முரடன் இல்லை. மகளை ஒரு நாளும் அடித்ததில்லை, பட்டினி போட்டதில்லை. பிடோக்கில் எங்கள் அடுக்குமாடி புளோக்கில் யாரை வேண்டுமானாலும் கேளுங்கள். மனைவி அனுப்ரியா மருத்துவமனையில் தாதி. காலையில் போனால் மாலையில்தான் வருவாள். நான் வீட்டிலிருந்தே கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறவன். அதனால் ரக்ஷனாவுக்குச் சோறு ஊட்டுவது, குளிப்பாட்டுவது, தூங்கவைப்பது எல்லாம் நான்தான்.

செவிமறையைப் பற்றிக் கேட்டீர்கள். நம் ஆட்களே மறந்துபோன மிகப் பழைய மறை அது. உலகமே ஒலியிலிருந்து பிறந்தது, சரியான ஒலி சரியான காதில் விழுந்தால் கல்லும் எழுந்து நடக்கும் என்கிறது. சிராங்கூன் சாலையில் ஒரு கடையின் மேல்மாடியில் ராமலிங்கம் ஐயா எங்கள் சிலருக்குச் சொல்லித் தந்தார். எழுதக் கூடாது, பதிவு செய்யக் கூடாது, மைக் கூடாது. வாயிலிருந்து நேராகக் காதுக்குப் போக வேண்டும். நடுவில் ஒரு கருவியைத் தொட்டுவிட்டால் அந்த ஒலி எச்சில். ஐயா பாதி சொல்லிக்கொண்டிருக்கும்போதே காலமாகிவிட்டார். மீதிப் பாதி எனக்குத் தானாக வந்தது. எப்படி என்று கேட்காதீர்கள், வந்தது.

ரக்ஷனாவுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. ஒரு வயதில் ஆபரேஷன் செய்து, காது கேட்கவைக்கிற இம்பிளான்ட் வைத்தார்கள். நானும் கையெழுத்துப் போட்டேன். உள்ளே ஒரு பகுதி, காதுக்குப் பின்னால் மாட்டுகிற கருவி ஒன்று, அதிலிருந்து வந்து தலையில் காந்தத்தால் ஒட்டிக்கொள்ளும் சின்ன வட்டு. வட்டை எடுத்துவிட்டால் அவளுக்கு ஒன்றும் கேட்காது. பேச்சுப் பயிற்சி தருகிற ஷாரன் எங்கள் இருவரையும் உட்காரவைத்துச் சொன்னார்: "முழிச்சிருக்கிற நேரமெல்லாம் இது தலையில இருக்கணும். இந்த ரெண்டு வருஷம்தான் முக்கியம். இப்ப கேட்டுப் பழகலைன்னா அப்புறம் பேச்சு வர்றது ரொம்பக் கஷ்டம்லா."

அதோடு நிறுத்தியிருக்கலாம். அந்தக் கருவி வழியே குரல் எப்படிக் கேட்கும் என்று ஒரு மாதிரியைப் போட்டுக் காட்டினார். ஓர் அம்மா பிள்ளையைக் கூப்பிடுகிறாள். மேடம், அது குரலே இல்லை. யாரோ ஒரு குரலை வாயில் போட்டு மென்று சக்கையாகத் துப்பியது போல இருந்தது. அடுத்தவர் மென்று துப்பிய சோற்றை உங்கள் பிள்ளைக்கு ஊட்டுவீர்களா? "பழகப் பழக மூளை சரியா புரிஞ்சுக்கும்" என்றார் ஷாரன். எச்சில் சோறும் பழகத்தான் செய்யும்.

மறுநாள் அனுப்ரியா வேலைக்குக் கிளம்பினாள். லிஃப்ட் கீழே போகும்வரை காத்திருந்து வட்டைக் கழற்றினேன். பிள்ளையை மடியில் வைத்து, காதோடு வாயை ஒட்டி, செவிமறையை முதல் அடியிலிருந்து ஓதினேன். மாலையில் மறுபடி மாட்டிவிட்டேன். பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது. ஒருநாள் பிள்ளையின் காது மடல் ஈரமாக இருப்பதைப் பார்த்து, "என்னங்க இது, காதெல்லாம் எச்சில்?" என்றாள் அனுப்ரியா. பல் முளைக்கிற வயசு, வடிக்கிறாள் என்றேன்.

கூடப் பயிற்சிக்கு வந்த பிள்ளைகள் அம்மா, அப்பா என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள். ரக்ஷனா மட்டும் வாய் திறக்கவில்லை. வட்டு தலையில் இருந்த நேரத்தைக் கருவியே கணக்கு வைக்குமாம். நேரம் ரொம்பக் குறைவாக இருக்கிறதே என்று ஷாரன் கேட்டார். அவளே பிடுங்கிப் போட்டுவிடுகிறாள் என்றேன். சின்னப் பிள்ளைகள் செய்வதுதான் என்று நம்பிவிட்டார். அனுப்ரியா பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து அழுதாள். "நான் கூட இருந்து பேசாததாலதான் இப்படியாங்க? வேலையை விட்டுடவா?" என்றாள். தேவையில்லை, நான்தான் இருக்கிறேனே என்று தேற்றினேன்.

போன வாரம் பயிற்சி அறையில் இருந்தபோது அனுப்ரியாவுக்கு மருத்துவமனையிலிருந்து போன் வந்தது. வெளியே போனாள். கதவு மூடியது. ரக்ஷனா கதவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். தானே வட்டைக் கழற்றி என் உள்ளங்கையில் வைத்தாள். மடியில் ஏறி உட்கார்ந்து, காதை என் வாய்க்கு நேரே திருப்பிக்கொண்டாள். ஷாரன் கையிலிருந்த பொம்மையை மெதுவாகக் கீழே வைத்தார்.

அனுப்ரியா திரும்பி வந்ததும், பார்த்ததை அவர் சொன்னார். அவள் என்னைத் திட்டவில்லை. பையிலிருந்து ஈரத்தாளை எடுத்துப் பிள்ளையின் காதைத் துடைத்தாள். அது சிவந்த பிறகும் துடைத்துக்கொண்டிருந்தாள். "அவளுக்குக் கேக்காதுன்னு உங்களுக்குத் தெரியும்தானே?" என்றாள். சாக்கடையில் மிதக்கிற எதையோ பார்ப்பது போல என்னைப் பார்த்தாள்.

உங்களிடம் சொல்கிறேன். தெரியும். முதல் நாளே தெரியும். வட்டைக் கழற்றியதும் அவள் முதுகுக்குப் பின்னால் நின்று பானை மூடியைத் தரையில் போட்டேன். அவள் திரும்பவில்லை. அதன் பிறகுதான் ஓத உட்கார்ந்தேன்.

ஐயா போனபின் மேல்மாடிக் கூட்டத்தை நான்தான் நடத்தினேன். வாய் வலிக்க ஓதுவேன். ஒருவர் போனை நோண்டுவார், இன்னொருவர் கொட்டாவி விடுவார். எனக்கு வந்த மீதிப் பாதியைத் தொடங்கியதும், ஐயா சொன்ன மாதிரி இல்லையே என்று எழுந்து போய்விட்டார்கள். அனுப்ரியா ஒருமுறை கேட்க உட்கார்ந்தாள். சிரிப்பை அடக்க முடியாமல் சமையலறைக்குள் போனாள். ரக்ஷனா அப்படியில்லை. நடுவில் ஓர் அடி மறந்தால் நானே ஒன்றைப் போட்டு நிரப்புவேன். அவள் முகம் மாறாது.

என் மகளுக்கு வரவேண்டிய பேச்சை நான் வரவிடாமல் செய்தேன் என்று எழுதப்போகிறீர்கள். எழுதுங்கள், அது உண்மைதான். கூடவே இதையும் எழுதிக்கொள்ளுங்கள், மேடம். இந்த ஊரில் செவிமறையை முதலடியிலிருந்து கடைசி அடிவரை முழுதாகக் கேட்டவள் அவள் ஒருத்திதான்.