பீச்சாங்கை வெட்டு

— வெட்டுவாயப் பாத்தே சொல்லிட்டாண்டா தொர. அந்த எஸ்ஐ வெறவு வெட்டி விக்கற தொட்டி வச்சவன் வூட்டுப் புள்ளையாம். அடிமரத்த ரெண்டு சுத்து சுத்தி வந்தான். மதகுச் சொவுரு இந்தாண்ட ஒட்டிக்கினு இருக்குது, பள்ளம் அந்தாண்ட. சோத்தாங்கைக்காரன் இங்க நின்னு கோடாலி ஓங்கவே முடியாது, இது பீச்சாங்கை வெட்டுன்னுட்டான்.

— மொதல்ல ஒக்காருக்கா. மல ஏறி வந்த மூச்சு இன்னும் அடங்கல ஒனக்கு.

— கரியாலூர்ல பஸ்ஸ வுட்டு எறங்கி எம்மாம் தூரம்டா. கேட்டுக் கேட்டு வந்தேன். இந்தச் சாமைக் கொல்லயில, பரண்லயா படுத்துக்கினு இருக்கற? குளுரு அடிக்கலியா?

— அடிக்குது. கொல்லக்காரரு மாயவன் வூட்டுக்குள்ளயே படுன்னுதான் சொன்னாரு. நான்தான் வாண்டாம்னுட்டேன். நம்ம கேசுல மலக்காரங்கள இழுத்துவுட மனசு வல்ல. காலைல கூழு குடுத்து அனுப்பறாங்க. போதும்.

— எளச்சிப் போயிட்ட.

— அத்த வுடு. பீச்சாங்கை வெட்டுன்னு கண்டுபுடிச்சானே, அத்தச் சொல்லு. பாத்தியாக்கா, இருவத்தாறு வருசமா ஊரே காறித் துப்பன கை. இப்ப சர்க்காரு தேடுது.

— கிண்டல் பண்ணாதடா, எனக்கு வயிறு எரியுது.

— கிண்டல் இல்ல. அன்னிக்கி நீ ஒன் மாமியா வூட்ல இருந்த, ஒனக்குத் தெரியாது. மறியலுக்கு ரோட்டோர மரத்த எல்லாம் சாச்சிக்கினே வந்தாங்க. மதகாண்ட வந்ததும் நின்னுட்டாங்க. நாலு பேரு ஓங்கிப் பாத்தாங்க, சொவுத்துல இடிக்குது. அப்பதான் கண்ணாயிரம் கத்தனான், பீச்சாங்கையன் எங்கடா, அவனக் கூப்புடுங்கடான்னு.

— ஒடனே நீயும் போயிட்ட.

— போவாம? பொறந்ததுல இருந்து இந்தக் கை வேணும்னு ஒருத்தன் கூப்ட்டது அன்னிக்கித்தான். நம்ம சனத்துக்குப் படிப்புல, வேலைல எடம் கேக்கறாங்க, நாயம்தான். ஆனா நான் ஓங்கனது அதுக்கு மட்டும்னு சொன்னா பொய்யி. மரம் சாஞ்சப்ப அத்தினி பேரும் விசிலு அடிச்சாங்க. பீச்சாங்கையா, நீதாண்டா ஆளுன்னு தோள்ல தூக்கிக்கினாங்க. அதே பேருதான். அன்னிக்கி மட்டும் காதுக்கு நல்லா இருந்துது.

— தூக்கனவங்க எவனாவது இப்பத் தேடி வந்தானா?

— எல்லாருந்தான் ஓடி ஒளிஞ்சிக்கினு இருக்கறாங்க. அவங்கள சொல்லாத. விடியறதுக்குள்ள அந்த லாரி வரும்னு யாரு கண்டா? நாமக்கல்லு லாரி. டிரைவரு ஸ்டீரிங்குல அப்டியே... வுடு.

— நீயாடா கொன்ன?

— நானா கொல்லல. மரத்தாண்ட ஒரு லாந்தரு வச்சிருந்தா அவுரு தூரத்துலயே நின்னுருப்பாரு. வெட்டத் தெரிஞ்சவனுக்கு அது தோணலியே. கண்ண மூடனா அந்த ஆரனு சத்தந்தாங்கா கேக்குது. மோதனப்பறமும் அடிச்சிக்கினே இருந்துது.

— அந்தக் கேசுதான்டா. வெறும் மரம்னா ஊர்ல இருக்கற நூறு பேரோட நீயும் ஒருத்தன்னு போயிருக்கும். ஆளு செத்ததால அந்த ஒரு மரத்த மட்டும் புடிச்சிக்கினாங்க.

— அப்பா இன்னா சொல்றாரு?

— நீ எறங்கி வரவே கூடாதுன்னாரு.

— அதான பாத்தேன். அந்த மூஞ்சிய எனக்குக் காட்டக் கூடாதுன்னாரா, இல்ல செத்து ஒழியட்டும்னே சொல்லிட்டாரா?

— தொர, நான் சொன்னத மட்டும் கேளு. எறங்கி வரக் கூடாதுன்னாரு. அம்மாந்தான்.

— நீ மூடி மூடிப் பேசுவ. எனக்குத் தெரியாதா அவுர? தங்கதொரன்னு பேரு வச்சவரு அவருதான். ஒரு நாளு, ஒரே ஒரு நாளு அந்தப் பேரச் சொல்லிக் கூப்ட்டு இருப்பாரா? டேய் பீச்சாங்கையா. கோவம் ஜாஸ்தி ஆச்சின்னா நொட்டாங்கையா. பள்ளிக்கூடத்துல அந்த மொட்ட வாத்தியாரு இருந்தாருல்ல, அவுருதான், பையனுக்கு இடது கைப் பழக்கம்னாரு. எனக்கு யாரச் சொல்றாருன்னே புரியல. திரும்பிப் பாத்தேன், பின்னால எவனோ பெரிய வூட்டுப் புள்ள ஒக்காந்துக்கினு இருக்கறான் போலன்னு.

— எனக்கும் நெனவு இருக்குது. அன்னிக்கி வூட்டுக்கு வந்து, அக்கா எனக்கு நல்ல கைதானாம்னு சொன்ன.

— சொன்னனா?

— சொன்ன. அப்பா மாட்டுக்குத் தண்ணி காட்டிக்கினு இருந்தாரு. கேட்டுக்கினு உள்ள போயிட்டாரு.

— மாட்டச் சொல்லாத. எனக்கு ஒடம்பு எரியும். ஏருல எடத்த மாடு ஒண்ணு இருந்துதே, செவல. அத்தத் தடவிக் குடுக்கறதும், நெத்தில மஞ்ச தடவறதும். எடத்த மாடு நல்லா இருந்தாத்தான் ஏரு திரும்பும்னு பெருமையாச் சொல்லுவாரு. நான் வரப்புல நின்னு பாப்பேன். அதுவும் எடப்பக்கந்தான? அதுக்கு மட்டும் இன்னா வந்துது? அந்த மாடாப் பொறந்து இருக்கலாம்னு அழுவேன்.

— இத்த நீ என்கிட்ட சொன்னதே இல்லியேடா.

— மாட்டுமேல பொறாமன்னு எவன் சொல்லுவான்? வெதப்பு அன்னிக்கி என்னிய கொல்லப் பக்கமே சேக்க மாட்டாரு. பீச்சாங்கை வெதை மொளைக்காதாம். மணலூர்பேட்ட சம்பந்தம் இன்னா ஆச்சி? பொண்ணோட மாமனுக்கு வெத்தல பாக்கு நீட்டனேன், நெனவில்லாம இந்தக் கை முன்னால போயிடுச்சி. எழுந்து போயிட்டாங்க. அவங்க முன்னாலயே அடிச்சாரே, அப்பவும் கன்னத்துல அடிக்கல. கைலதான் அடிச்சாரு. அப்பவும் கேட்டேன் அவுர. நெலப் பத்தரத்துல ரேகை வைக்கறப்ப ரிஜிஸ்தர் ஆபீசுல பீச்சாங்கை பெருவெரலத்தான கேக்கறான், அப்ப மட்டும் இது சுத்தமா ஆயிடுதான்னு.

— அதுக்கு இன்னா சொன்னாரு?

— இன்னும் ரெண்டு அடி.

— அவுரு பயந்தாருடா. அவுருக்கு நாலு பேரு சிரிச்சிருவாங்கன்னு பயம். அம்மா போன அப்பறம் ஜாஸ்தி ஆயிடுச்சி. பொண்ணு குடுக்க மாட்டான், பொதுப் பந்தில ஒக்கார வுட மாட்டான், இந்தப் பய தனியா நின்னுருவான்னு என்கிட்ட பொலம்புவாரு. ஒன்கிட்ட சொல்ல வாய் வராது.

— அடிக்க மட்டும் கை வரும்.

— ஆமா. அத்த நான் இல்லன்னு சொல்லல.

— நேரா கேக்கறேன், நேரா சொல்லு. போலீசு ஊருக்கு வந்தப்ப என் பேரக் குடுத்தது அவருதான?

— தொர.

— எவனும் கேக்காமயே போயி சொல்லியிருப்பாரு. சாமி, எனக்கு ஒரு பீச்சாங்கையன் பொறந்தான், அவன்தான் வெட்டனான், இழுத்துக்கினு போங்கன்னு.

— வாயக் கழுவுடா. இன்னொரு வாட்டி அந்தப் பேச்சுப் பேசன, நான் எழுந்து போயிடுவேன். மெய்யாலும் போயிடுவேன்.

— ஏங்கா அழுவற?

— ஒண்ணுமில்ல. கொஞ்சம் தண்ணி குடு.

— இந்தா. மொள்ளக் குடி. நான் ஒரு முடிவு எடுத்துட்டேங்கா. நாளைக்கிக் கீழ எறங்கறேன். போயி, நான்தான் வெட்டனேன்னு நின்னுடறேன். அந்த ஆரனு சத்தத்தோட என்னால இங்க படுக்க முடியல. அந்த டிரைவரு வூட்டுல கேட்டா சொல்றதுக்கு ஒரு ஆளாவது வேணும்ல.

— நீ எறங்க வேணாம். கேசு முடிஞ்சிபோச்சி.

— முடிஞ்சிபோச்சின்னா?

— ஆளு கெடச்சிட்டான். அத்தச் சொல்லத்தான் வந்தேன். இன்னும் கொஞ்ச நாளு இங்க இரு, அப்பறம் திருப்பூரு பக்கம் எங்கனா போயிடு. ஒன்னிய இனிமே எவனும் தேட மாட்டான்.

— எந்த ஆளு? வெட்டன ஆளு நானு, இங்க ஒக்காந்துக்கினு இருக்கறேன். யாரப் புடிச்சாங்க?

— ஊரு ஆம்பளைங்க எல்லாரையும் சாவடிக்கு முன்னால வரிசையா நிக்க வச்சாங்க. ஓடாதவங்க, கெழவனுங்க, எல்லாரையுந்தான். நடுவுல ஒரு வேலங்கட்டயப் போட்டு, ஒவ்வொருத்தனா வந்து கோடாலி புடிடான்னான் அந்த எஸ்ஐ. மேல் கை எது, கீழ் கை எதுன்னு பாத்துக்கினே வந்தான். எல்லாருக்கும் சோத்தாங்கை மேல. ஒரு ஆளு மட்டும் பீச்சாங்கைய மேல போட்டுப் புடிச்சாரு.

— யாரு? நம்ம ஊர்ல பீச்சாங்கைன்னா நானு, வுட்டா தையக்கார அம்மாசி. அவுரு கத்திரியே இந்தக் கைலதான் புடிப்பாரு. அய்யோ, அவுரையா?

— அம்மாசி மறியலுக்கு முன்னாடியே பண்ருட்டி போயிட்டான். அவன் இல்ல.

— அப்ப வேற யாரு? எனக்குத் தெரியாம நம்ம ஊர்ல ஒரு பீச்சாங்கைக்காரனா? சொல்லுக்கா.

— நீதான் வெட்டனியான்னு கேட்டான் எஸ்ஐ. ஆமாங்க, நான்தான் வெட்டனேன், கூட யாரும் இல்லன்னுட்டாரு. கோடாலியக் கீழ வச்சாரு. ஜீப்புல ஏறிட்டாரு.

— வெட்டாதவன் எதுக்கு வெட்டனேன்னு சொல்லணும்? அடிச்சாங்களா?

— அடிக்கறதுக்கு முன்னாடியே சொல்லிட்டாரு.

— ஊர்ல இருந்த ஒருத்தன்கூட, இவுரு இல்லன்னு சொல்லலியா?

— கண்ணாயிரத்தோட அப்பா வாயத் தொறந்தாரு. இவுரு திரும்பி ஒரு பார்வ பாத்தாரு. அவுரு அப்டியே வாய மூடிக்கினாரு. இவுரு இல்லன்னு சொன்னா, அப்ப யாருன்னு கேப்பான்ல? எல்லாரும் தலயக் குனிஞ்சிக்கினாங்க. நானுந்தான்.

— நீ எப்டிக்கா சும்மா நின்ன? ஒரு பாவமும் அறியாத மனுசன நான் செஞ்சதுக்கு உள்ள தள்ளுவாங்க, நான் திருப்பூர்ல போயி பனியன் தெச்சிக்கினு இருக்கணுமா? அவுருக்குப் புள்ள குட்டி இல்லியா?

— இருக்குது.

— அதுங்க மூஞ்சில எப்டி முழிப்பேன்? இல்ல, நான் இன்னிக்கே எறங்கறேன். வா, ரெண்டு பேரும் போவலாம்.

— ஒக்காரு. நீ போயிச் சொன்னா அவுரு செஞ்சது வீணாப் பூடும். எனக்கு அவுருகிட்ட சத்தியம் இருக்குது. பேரச் சொல்லக் கூடாதுன்னாரு.

— சத்தியமா? ஒன்கிட்ட எதுக்கு சத்தியம் வாங்கறாரு? நமக்கு அவுரு இன்னா ஒறவு? அக்கா, இப்டி என்னியப் பாரு.

— நேத்து ஸ்டேசனுக்குச் சோறு கட்டிக்கினு போனேன். இன்னும் கடலூரு செயிலுக்கு அனுப்பல. கருவாட்டுக் கொழம்பு. கம்பி வழியா தூக்குச்சட்டிய வச்சேன். போலீசுக்காரன் ஒருத்தன் அங்கயே நின்னுக்கினு கையவே பாத்துக்கினு இருந்தான். இவுரு சோத்தாங்கைய முதுவுக்குப் பின்னால வச்சிக்கினாரு. பீச்சாங்கையால அள்ளறாரு. வாய்க்குப் போற வழிலயே பாதி கொட்டுது. வேட்டியெல்லாம் கொழம்பு. பழக்கமில்லாத கைடா.

— பழக்கமில்லாத கையா? பீச்சாங்கைக்காரருன்னு சொன்னியேக்கா.

— கோடாலி புடிச்சாருன்னுதாண்டா சொன்னேன். போலீசுக்காரன் பீடி பத்த வைக்கத் திரும்பனான். அப்ப மொள்ள என்னியக் கூப்ட்டு, காசி, வராத கையால துன்றது இம்மாங் கஷ்டமாம்மா, சின்னதுல தங்கதொர கையக் கட்டிப்போட்டு துன்ன வச்சனே, அந்தக் கொழந்த தெனம் எப்டித் துன்னுருக்கும்னு நம்ம அப்பா கேட்டாருடா.