கிடாரத்துக்குள் உறுமிய சிங்கம்

மூதூர் போகும் லாஞ்சிப் படகில் என் முன்னால் கல்யாணச் சோறு ஆக்குகிற ஒருவர் தன் பெரிய சமையல் கிடாரத்தைக் கால்களுக்கு நடுவே வைத்துப் பிடித்திருந்தார். பிறர் கதையைக் காது கொடுத்துக் கேட்பது கூடாதுதான். ஆனால் திருகோணமலை இறங்குதுறையை விட்டதும் அவர் பக்கத்திலிருந்தவரிடம் இப்படித் தொடங்கினார்:

"நேத்து சிங்கமா உறுமினது நான்தான், மச்சான்."

"எந்தச் சிங்கம்?"

"மாதா கோயில் மண்டபத்தில சாமியார் பழைய ஊமைப்படம் காட்டினவர். ஒருத்தன் சாட்டையோட சிங்கத்த அடக்கிறான். அது வாயைத் திறக்குது, சத்தமில்ல. 'கொட்டாவி விடுது' எண்டு சனம் சிரிக்குது. சாமியாருக்கு முகம் செத்துப்போச்சு."

"நீ அங்க என்ன செய்தனீ?"

"விருந்துக்கு ஆக்கிப்போட்டு, பின்னால கிடாரம் கழுவிக்கொண்டிருந்தன். எனக்குப் பொறுக்க ஏலாமப் போச்சு. கிடாரத்த உருட்டிக்கொண்டு திரைக்குப் பின்னால போனன். வெள்ளைச் சீலைதானே, பின்னாலயும் படம் தெரியுது. சிங்கம் வாயைத் திறக்க, நான் தலைய உள்ளுக்கு விட்டு உறுமினன்."

"சனம்?"

"முன்வரிசையில இருந்த சனம் கதிரையோட பின்னுக்குச் சாய்ஞ்சுது. பிறகு என்ன கைதட்டு!"

"அது படத்துச் சிங்கத்துக்குத் தட்டினது. உனக்கில்ல."

அவர் கிடாரத்தின் விளிம்பைச் செல்லமாகத் தட்டினார்.

"இண்டைக்கு அறுக்கிறதுக்கு வாங்கின ஆட்ட வெளியில கட்டியிருந்தன். முதல் உறுமலோட கயித்த அறுத்துக்கொண்டு ஓடிற்று, இன்னும் கிடைக்கேல்ல. அது என்ன, படம் பாத்தா பயந்தது?"